தூலோனில் வென்றவர் (டூர் டி பிரான்ஸ் சரித்திரம்: 31-ஆம் அத்தியாயம்)

சென்ற அத்தியாயத்தை இத்தாலியர்கள் மூட்டை கட்டிக்கொண்டு ஊர் திரும்பிய இடத்தில் நிறுத்தியிருந்தோம். 1950-ஆம் வருஷம் ஜூலை மாதம் 25-ஆம் தேதி, பிரனீஸ் மலைத்தொடரின் ஆஸ்பின் கணவாயில் கூட்டம் வழியை நெருக்கி நின்றதும், பார்தாலியும் பிரெஞ்சுக்காரர் ரொபிக்கும் மோதி விழுந்ததும், தூக்கிவிட வந்த கைகளோடு அடிக்க வந்த கைகளும் கலந்திருந்தன என்று பார்தாலி முறையிட்டதும், அத்தனைக்கும் பிறகு அவரே மலையிறங்கிச் சான் கோதான்ஸில் முதல்வராக வந்ததும், அன்று மாலை முதல் ஸ்தானத்துக்குரிய மஞ்சள் சட்டை அவருடைய தேசத்தவரான மான்யியின் தோளில் ஏறியிருந்தும் இத்தாலியின் இரண்டு அணிகளும் பந்தயத்தைத் துறந்து சென்றதும் வாசகர்களுக்கு நினைவிருக்கும்.

அவர்கள் போனதும் முதல் ஸ்தானம் சுவிட்சர்லாந்தின் ஃபெர்டி கூப்ளருக்கு வந்து சேர்ந்தது. சாலையில் வென்று பெறாத சட்டையை அணிவது வீரனுக்கு அழகல்ல என்று கருதிய அவர், மறுநாள் அதை உடுத்த மறுத்துவிட்டார். இத்தாலிய எல்லைக்குள் சான் ரெமோ நகரில் முடிவதாக இருந்த ஒரு கட்டத்தைப் பந்தய நிர்வாகி ஜாக் கொதே எல்லைக்கு இப்பாலேயே, மாந்தோனில், முடித்துக்கொள்ளும்படி மாற்றியமைத்தார். பொதுவாக இந்தப் பந்தயத்தின் சரித்திரத்தை எழுதுகிறவர்கள் இவ்விடத்தில் இரண்டே தாவலில் ஆல்ப்ஸ் மலைக்குப் போய், அங்கே பிரெஞ்சுக்காரர் போபே கூப்ளரைத் துரத்தியதைச் சொல்லி, ஆகஸ்டு 7-ஆம் தேதி பாரிஸில் கூப்ளர் ஒன்பதரை நிமிஷ வித்தியாசத்தில் பெல்ஜியத்தின் ஓக்கர்ஸை வென்றார் என்று கதையை முடித்துவிடுவார்கள். நடுவில் ஓரிரண்டு பக்கங்களை ஒதுக்கினால், அதுவும் ஒரு மனிதர் மரத்தடியில் உறங்கிப்போன விநோதத்தைச் சொல்லிச் சிரிப்பதற்காகவே இருக்கும். நாம் அந்த இரண்டு நாட்களில், அதாவது ஜூலை 27, 28 ஆகிய வியாழன், வெள்ளி இரு தினங்களில், சற்றுத் தங்கிச் செல்வோம். சிரித்துவிட்டுப் போனவர்களின் கண்ணில் படாமல் போன ஒரு மொராக்கோக்காரர் அங்கே இருக்கிறார்.

அந்த வருஷம் புறப்பட்ட 116 பேரில் வட ஆப்பிரிக்கா என்ற பெயர் தாங்கிய ஒரு சிறு அணியும் இருந்தது. வர்த்தக ஸ்தாபனங்களின் பெயரால் வந்த அணிகளை 1930-ஆம் வருஷத்தில் பந்தய ஸ்தாபகர் தெக்ராஞ்ச் ஒழித்துவிட்டுத் தேசங்களின் பெயரால் அணிகளை அமைத்த பிறகு, எந்த நிலப்பரப்பு ஒரு தேசம், எது தேசமாகாது என்ற பெரிய கேள்வியைச் சைக்கிள் பந்தய நிர்வாகிகள் ஒவ்வொரு கோடையிலும் தமக்குத் தெரிந்த அளவில் தீர்த்துக்கொள்ள வேண்டியிருந்தது. பெல்ஜியத்துக்கும் இத்தாலிக்கும் அது கஷ்டமில்லை. பிரான்ஸின் சொந்த மாகாணங்களுக்கும் தனித்தனி அணிகள் வைத்துச் சமாளித்தார்கள். மத்தியதரைக் கடலுக்கு அப்பாலிருந்து வந்தவர்களை என்ன பெயரிட்டு அழைப்பது? அல்ஜீரியா சட்டப்படி பிரான்ஸின் பாகம். மொராக்கோ, 1912-ஆம் வருஷத்து ஃபெஸ் உடன்படிக்கையின்படி, சுல்தானைச் சிம்மாசனத்தில் வைத்துக்கொண்டே பிரெஞ்சு ரெசிடென்ட் ஜெனரல் ஆண்டுவந்த பாதுகாப்பு ராஜ்யம். துனிசியாவின் நிலையும் ஏறக்குறைய அதுவே. இந்த மூன்று விதமான அந்தஸ்துகளையும் ஒரே சட்டைக்குள் அடக்குவதற்கு வட ஆப்பிரிக்கா என்ற பூகோளப் பெயர் மிகவும் சௌகரியமாக இருந்தது. ராஜதந்திரிகள் பல வருஷங்கள் பேசியும் தீராத விவகாரத்தைத் தையற்காரர் ஒரு மத்தியான்னத்தில் தீர்த்துவைத்தார் என்றும் சொல்லலாம்.

அந்தச் சட்டைக்குள் யார் யார் இருந்தார்கள் என்று பார்த்தால் விஷயம் இன்னும் சுவாரஸ்யமாகிறது. அப்துல் காதர் ஸாஃப், அஹமது கெபைலி ஆகியோர் அல்ஜீரிய முஸ்லிம்கள். மார்செல் மொலினெஸ், மார்செல் ஸெலாஸ்கோ ஆகியோர் ஐரோப்பியக் குடியேற்றக் குடும்பங்களின் பிள்ளைகள். 1947-ஆம் வருஷத்துச் சட்டம் அல்ஜீரியாவுக்கு ஒரு சபையை வழங்கியபோது, ஐரோப்பியரும் அவர்களோடு சேர்க்கப்பட்ட சிறுபான்மை முஸ்லிம்களும் அறுபது பேரைத் தேர்ந்தெடுப்பதென்றும், எண்ணிக்கையில் பல மடங்கு பெருத்த மற்ற முஸ்லிம் ஜனங்கள் யாவரும் சேர்ந்து இன்னோர் அறுபது பேரைத் தேர்ந்தெடுப்பதென்றும் விதித்திருந்தது. ஆகவே ஒரே மேஜையில் ரொட்டியைப் பிட்டுத் தின்று, ஒரே மெக்கானிக்கிடம் சக்கரத்தை நீட்டிய இந்தத் தோழர்கள், ஊருக்குத் திரும்பி ஓட்டுச் சாவடிக்குப் போனால் வெவ்வேறு வரிசையில் நின்றாக வேண்டும். இந்த இரண்டு வரிசைகளிலும் நிற்க முடியாத இன்னொருவரும் அணியில் இருந்தார். அவர்தான் நம் கதாநாயகர் குஸ்டோடியோ தோஸ் ரெய்ஸ்.

பெயரைக் கேட்டாலே போர்த்துக்கீசியக் குடும்பம் என்பது விளங்கும். மொராக்கோவின் அட்லாண்டிக் கரையில் போர்த்துக்கீசியர் கோட்டை கட்டி வாழ்ந்த காலம் 1769-ல் மஸகான் துறைமுகத்தைக் கைவிட்டதோடு முடிந்துபோனாலும், பிரெஞ்சுக்காரர் துறைமுகங்களையும் ரயில் பாதைகளையும் அமைக்கத் தொடங்கிய இருபதாம் நூற்றாண்டில் போர்த்துக்கல், ஸ்பெயின், இத்தாலி ஆகிய தேசங்களின் ஏழைக் குடும்பங்கள் பிழைப்பைத் தேடி அந்தக் கரைக்கு வந்து குவிந்தன. கொத்தர், தச்சர், மீன்பிடிப்பவர், இயந்திரத் தொழிலாளர் என்று பல தொழில் செய்தவர்கள் அவர்கள். ஆட்சியில் அவர்களுக்குப் பங்கில்லை. ஆளப்படுகிறவர்களோடு முற்றிலும் கலந்துவிட்டவர்களும் அல்லர். பந்தயப் பதிவேடுகள் தோஸ் ரெய்ஸை மொராக்கோ நாட்டவர் என்று குறிக்கின்றன. வேறு சில ஏடுகள் பிரெஞ்சுக்காரர் என்று எழுதுகின்றன. இந்தச் சிறு குழப்பம் பின்னால் அவருக்கு என்ன செய்தது என்பதைச் சொல்வேன்.

மொராக்கோவில் சைக்கிள் பந்தயம் அப்போது ஒன்றும் புதிய விஷயமல்ல. ரெசிடென்ட் ஜெனரல் லியொத்தே காலத்திலிருந்து, முதலில் படைகள் செல்வதற்காகவும் பிறகு தானியமும் தாதுக்களும் துறைமுகத்துக்கு வருவதற்காகவும், பிரெஞ்சு நிர்வாகம் சாலைகளைப் போட்டுக்கொண்டே வந்தது. மராகெஷ் நகரத்திலிருந்து உயர் அட்லஸ் மலையைத் தாண்டி வார்ஸஸாத் செல்லும் பாதை டிஸி ந்திஷ்கா கணவாயில் 2,260 மீட்டர் உயரத்துக்கு ஏறுகிறது. ஆல்ப்ஸின் பெயர் பெற்ற கணவாய்களில் பலவும் அவ்வளவு உயரமில்லை. மொராக்கோ சுற்றுப் பந்தயம் முதன்முதலாக 1937-ல் நடந்தது. யுத்தத்துக்குப் பிறகு பிரான்ஸிலிருந்தும் பெல்ஜியத்திலிருந்தும் தொழில்முறை வீரர்கள் அங்கே வந்து போட்டியிட்டார்கள். குளிர்ந்த தேசத்து வீரனுக்குக் காய்ச்சல் காணச் செய்யும் வெயிலில், நிழலுக்கு மரமில்லாத சமவெளிச் சாலையில், தண்ணீர்ப் புட்டியை எத்தனை மைலுக்கு ஒருமுறை எத்தனை மிடறு என்று கணக்கிட்டு அருந்தக் கற்றவர்கள் அந்தப் பக்கத்துப் பந்தயக்காரர்கள். பாரிஸிலிருந்து கிழக்கே மெட்ஸுக்கும் வடக்கே லில்லுக்கும் பந்தயம் சென்றபோது இந்தக் கல்வியால் அவர்களுக்குப் பயன் ஒன்றும் இல்லை. பிரனீஸைக் கடந்து தென் பிரான்ஸின் கடற்கரைச் சமவெளியில் இறங்கியபோது அது கைகொடுத்தது.

அந்தச் சந்தர்ப்பத்தில் பந்தயத்தின் உள்நிலை எப்படி இருந்தது என்பதையும் அறிந்துகொள்ள வேண்டும். பல வாரங்கள் நீளும் பந்தயத்தில் எல்லோரும் எல்லா நாளும் போட்டியிடுவதில்லை. காற்றை எதிர்த்து மிதிப்பவன் செலவிடும் பலத்தில் கணிசமான பாகத்தைப் பின்னால் ஒண்டி வருகிறவன் மிச்சப்படுத்துகிறான் என்பதால், ஒருவன் தனியே பாய்ந்து ஓடினால் பெருங்கூட்டம் மாறி மாறி முன்னின்று அவனை எட்டிப் பிடிப்பது, அவர்கள் மனம் வைத்தால், பெரும்பாலும் சாத்தியமே. மனம் வைப்பார்களா என்பதில்தான் சூட்சுமம் இருக்கிறது. மொத்தக் கணக்கில் வெகுதூரம் பின்தங்கிய ஒருவன் ஓடினால் மஞ்சள் சட்டைக்காரருக்கு நஷ்டமில்லை. துரத்தினால் தம் ஆட்களின் கால்கள்தாம் களைக்கும். அடுத்தவர் துரத்தட்டும் என்று இவரும், இவர் துரத்தட்டும் என்று அடுத்தவரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டு மெல்ல வரும் நேரமே சிறிய அணிகளுக்கு முகூர்த்த வேளை. கட்டந்தோறும் முன்வரிசையில் நின்று கூட்டத்தை இழுத்துவந்த இத்தாலியர் போய்விட்ட பிறகு, அந்த வேளை அடிக்கடி வரத் தொடங்கியது.

வியாழக்கிழமை பெர்பிஞ்ஞானிலிருந்து நீம் நகரம் வரை 215 கிலோமீட்டர். அனல் காற்றும் இளகிய தாரும் சேர்ந்து கூட்டத்தை நத்தை வேகத்தில் நகரச் செய்திருந்த பொழுதில், ஸாஃபும் மொலினெஸும் பாய்ந்து வெளியேறினார்கள். ஒருவரும் பின்தொடரவில்லை. இடைவெளி ஐந்து நிமிஷமாயிற்று, பத்தாயிற்று, கால் மணியையும் எட்டியது. அக்காலத்தில் வீரர்களுக்கு வழியில் கொடுக்கப்பட்ட நீர் மிகக் குறைவு. கோடையில் ஒரு கிராமம் வந்துவிட்டால் சைக்கிள்களைச் சுவரோரம் சாய்த்துவிட்டு, தெருவோரக் காப்பிக் கடைக்குள் நாலைந்து பேராகப் புகுந்து, அலமாரியில் இருப்பது பீரா, எலுமிச்சைச் சர்பத்தா, கனிநீரா என்று பாராமல் கையில் அகப்பட்ட புட்டிகளைச் சட்டையின் முதுகுப் பைகளில் திணித்துக்கொண்டு, கடைக்காரர் வாயைத் திறப்பதற்குள் மறுபடி ஏறி மிதித்துவிடுவது வழக்கமாகவே இருந்தது. தோளில் எட்டு வடிவத்தில் மாட்டிய உதிரி டயரும், பைகளில் புடைத்த புட்டிகளும், முகத்தில் புழுதிக்கு நடுவே வியர்வை வகுத்த கோடுகளுமாக அவர்கள் ஓடுகிற காட்சியை அக்காலப் புகைப்படங்களில் இன்றும் காணலாம். முன்னால் தனியே ஓடுகிற இருவருக்கோ அப்படி நின்று புட்டி பொறுக்கவும் அவகாசமில்லை. சாலையோரத்து ஜனங்கள் நீட்டியதே அவர்களுக்குத் தாகசாந்தி.

நீமுக்குச் சில மைல்களே எஞ்சியிருந்தபோது ஸாஃபின் சைக்கிள் சாலையின் ஒரு விளிம்பிலிருந்து மறு விளிம்புக்கு அலையத் தொடங்கியது. விழுந்தார். ஜனங்கள் அவரை ஒரு மரத்தடியில் கிடத்தினார்கள். சற்று நேரம் கழித்து விழித்தவர் பதறி எழுந்து, சைக்கிளை எடுத்து, முழு வேகத்தில் மிதித்தார். ஆனால் வந்த திசையிலேயே மிதித்தார். கடைசியில் அவரை வண்டியில் ஏற்றிக்கொண்டு போனார்கள். அருகே நின்றவர்கள் அவர்மேல் திராட்சை மதுவின் வாசனை வந்தது என்றார்கள். மயங்கிக் கிடந்தவரைத் தெளிவிக்கக் கைக்குக் கிடைத்த மதுவை முகத்தில் தெளித்ததால் வந்த வாசனை அது என்று ஒரு சாரார். தாகத்தில் யாரோ நீட்டிய புட்டியைக் குடித்துவிட்டார், மது அறியாத முஸ்லிம் உடம்பு தாங்கவில்லை என்று மற்றொரு சாரார். களைப்பைத் தள்ளிப்போடப் பந்தயக்காரர்களிடையே அந்நாளில் தாராளமாகப் புழங்கிய ஆம்ஃபெடமின் மாத்திரையும் வெயிலும் சேர்ந்து செய்த வேலை என்று பின்னாளில் வந்த மூன்றாம் சாரார். மூன்றாவது கட்சியே உண்மைக்கு மிக அருகில் இருக்கக்கூடும் என்பது என் அபிப்பிராயம். ஆனால் மது அருந்தி உறங்கிய முஸ்லிம் என்ற இரண்டாவது கதைக்கு இருந்த ருசி வேறு எதற்கும் இல்லை. அதைப் பத்திரிகைகள் பிடித்துக்கொண்டன. ஸாஃப் பிறந்த அல்ஜியர்ஸ் பக்கத்துச் செப்லி என்ற ஊர் இருக்கும் மித்தீஜா சமவெளி முழுவதும் குடியேற்றக்காரர்களின் திராட்சைத் தோட்டங்களும் ஆரஞ்சுத் தோட்டங்களும் நிறைந்தது என்பதையும், அந்தத் தோட்டங்களின் மதுவை மார்செய் துறைமுகத்தின் வழியாக வாங்கிக் குடித்த தேசமே இந்தக் கதையைச் சொல்லிச் சிரித்தது என்பதையும் போகிற போக்கில் குறித்துவைக்கிறேன்.

அதனால் ஸாஃபுக்கு நஷ்டமும் வரவில்லை. பந்தயம் முடிந்ததும் பிரான்ஸின் ஊர்கள் தோறும் நடக்கும் சிறு பந்தயங்களில், பிரசித்தி பெற்றவர்களை வாடகை கொடுத்து அழைப்பது வழக்கம். மரத்தடியில் உறங்கிய மனிதரை நேரில் பார்க்க ஜனங்கள் கூடினார்கள். அடுத்த வருஷம், 1951-ல், அவர் கடைசி ஆளாகப் பாரிஸ் வந்து சேர்ந்தபோதும் முதல் பத்து பேரில் பலருக்குக் கிடைக்காத கைதட்டல் அவருக்குக் கிடைத்தது. அவர் நல்ல மனிதர்; தம்மைப் பார்த்துச் சிரித்தவர்களோடு சேர்ந்து சிரித்து, அதற்குரிய கூலியையும் வாங்கிக்கொண்டார். வறுமையில் வளர்ந்த ஒருவர் செய்த அந்தப் புத்திசாலித்தனத்தை யாரும் பழிக்க முடியாது.

ஆனால் அதே வியாழக்கிழமை மாலை நீம் நகரத்துக் கோட்டை முதலில் கடந்தவர் யார்? ஸாஃபோடு புறப்பட்டுக் கடைசிவரை மிதித்துச் சென்ற மார்செல் மொலினெஸ். ஆப்பிரிக்க மண்ணிலிருந்து வந்த ஒருவர் இந்தப் பந்தயத்தில் ஒரு கட்டத்தை வென்றது அதுவே முதல் முறை. அதோடு, அவர்களுக்குப் பின்னால் நடந்த காரியமும் சாமானியமல்ல. இருவரும் தொலைதூரம் ஓடிவிட்டார்கள் என்று அசட்டையாக இருந்த கூட்டத்திலிருந்து கூப்ளரும் ஓக்கர்ஸும் நழுவி வெளியேற, போபே ஏறக்குறையப் பத்து நிமிஷங்களை அங்கே இழந்தார். பாரிஸில் எந்தச் சட்டை யாருக்கு என்ற கேள்விக்கு ஆல்ப்ஸில் விடை கிடைத்ததாக எழுதுகிறார்கள். அதில் பெரும்பகுதி லாங்க்தோக் சமவெளியில், வட ஆப்பிரிக்கர் இருவர் மூட்டிவிட்ட ஓட்டத்தின் நிழலில், அன்றே எழுதப்பட்டுவிட்டது.

மறுநாள் வெள்ளிக்கிழமை நீமிலிருந்து தூலோனுக்கு 222 கிலோமீட்டர். ரோன் நதியைத் தாண்டிக் கிழக்கே ப்ரொவான்ஸ் பிரதேசத்துக்குள் நுழையும் பாதை. வெயில் முந்திய நாளினும் சற்றும் குறையவில்லை. நேற்றைய ஓட்டத்தில் கூப்ளரைத் துரத்திக் களைத்தவர்கள் ஒருபுறம், மேலும் இரண்டு நாட்களில் ஆல்ப்ஸ் வருகிறது என்று கால்களைக் காப்பாற்றிக்கொண்டவர்கள் ஒருபுறம். அன்று தூலோன் துறைமுக நகரத்தில் முதல்வராக வந்து இறங்கியவர் குஸ்டோடியோ தோஸ் ரெய்ஸ். புறப்பட்டவர்களிலே மிகச் சிறிய அணிகளில் ஒன்று, அடுத்தடுத்த இரண்டு நாட்களில் இரண்டு கட்டங்களை வென்றுவிட்டது! சொந்த மண்ணில், சொந்த ஜனங்களுக்கு நடுவில், போபேயையும் ஜெமினியானியையும் வைத்திருந்த பிரான்ஸ் தேசிய அணிக்கு அந்த வாரத்தில் அப்படி ஒன்று வாய்க்கவில்லை.

அதிர்ஷ்டம் என்று இதைத் தள்ளிவிடுகிறவர்கள் உண்டு. பெரியவர்கள் உறங்கியபோது சிறியவர்கள் ஓடினார்கள் என்பார்கள். எனக்கு அது சம்மதமில்லை. பெரியவர்கள் உறங்கிய நாட்கள் அந்த வருஷத்தில் பல; அந்த நாட்களில் எல்லாம் சிறியவர்களாகிய டச்சுக்காரரும் லக்ஸம்பர்க்காரரும் பிரெஞ்சு மாகாணத்தாரும் கூடவே இருந்தார்கள். 222 கிலோமீட்டரை அந்த வெயிலில் கடந்து, எப்போது பாய்வது, எப்போது அடங்கியிருப்பது, யாருடைய சக்கரத்துக்குப் பின்னால் ஒண்டுவது என்று ஆறேழு மணி நேரம் ஒருமுறைகூடத் தவறாமல் தீர்மானித்து, முதல் நாள் தோழன் வென்ற உத்ஸாகத்தில் தலைகால் தெரியாமல் போகாமலும் இருந்தவர் கோட்டைக் கடக்கும்போது, அதற்குப் பெயர் தொழில் தேர்ச்சி. அதற்கடுத்த நாள், 29-ஆம் தேதி, தூலோனிலிருந்து மாந்தோன் செல்லும் வழியில் சான்த் மக்ஸீம் கடற்கரையில் வீரர்களில் பெரும்பாலோர் சைக்கிள்களைப் போட்டுவிட்டுச் சட்டையோடு கடலில் குதித்துக் குளித்ததும், கொதே கோபத்தில் கொதித்ததும் பிரசித்தமான சம்பவம். தோஸ் ரெய்ஸ் வென்ற நாட்களின் வெயில் எத்தகையது என்பதற்கு அதைவிட வேறு சாட்சி வேண்டியதில்லை.

வெற்றிப் பட்டியலில் அவர் பெயர் பதினாலாவது கட்டத்துக்கு நேரே அச்சாகியிருக்கிறது. இதைவிட அதிகமாக அவரை ஏன் யாரும் நினைக்கவில்லை? முதற் காரணம் முந்திய நாளின் மரத்தடி. ஒரு விநோதக் கதை ஊர் வாயில் விழுந்துவிட்டால், அதைச் சுற்றியிருக்கும் மெய்யான பராக்கிரமங்கள் யாவும் அதன் நிழலில் மறைந்துபோகின்றன. மொலினெஸே ஸாஃபோடு ஓடிய இன்னொருவர் என்ற அளவுக்குத் தேய்ந்துவிட்டபோது, மறுநாள் வென்றவரை யார் நினைப்பார்கள்? இரண்டாவது காரணம் இன்னும் ஆழமானது. ஸாஃபை அல்ஜீரியா தன் மகன் என்று பிற்காலத்தில் உரிமையோடு சொல்லிக்கொள்ள முடிந்தது. போர்த்துக்கீசியப் பெயர், மொராக்கோ வாசம், பிரெஞ்சு நிர்வாகத்தின் கீழ்ப் பந்தய அனுமதி, வட ஆப்பிரிக்கச் சட்டை என்று நான்கு அடையாளங்களைச் சுமந்த தோஸ் ரெய்ஸுக்கு அப்படிப் பாத்தியதை கொண்டாட ஒரு தேசமும் முழு மனத்தோடு முன்வரவில்லை. சுதந்திரம் பெற்ற மொராக்கோ தன் வீர சரித்திரத்தை எழுதிக்கொண்டபோது, குடியேற்றக் காலத்து ஐரோப்பியர் ஒருவரை அதன் முதல் பக்கத்தில் வைக்க நினைக்காதது இயல்பே. பிரான்ஸுக்கோ சொந்த வெற்றியாளர்களே கணக்கற்றவர்கள். போர்த்துக்கல் தன் பந்தய வீரர்களை எண்ணும்போது கடலுக்கு அப்பால் வாழ்ந்தவரைத் தேடிப் போகவில்லை.

தென்னாப்பிரிக்காவின் ராபர்ட் ஹன்டர் 2007-ஆம் வருஷத்தில் மார்செயிலிருந்து மோன்பெலியே சென்ற கட்டத்தை வென்றபோதும், எரித்ரியாவின் பினியம் கிர்மாய் 2024-ல் தூரின் நகரத்தில் வென்று, அந்த வருஷம் மொத்தம் மூன்று கட்டங்களோடு பச்சைச் சட்டையையும் கைக்கொண்டபோதும், முதன்முதல் என்ற சொல் உலகப் பத்திரிகைகளில் சரமாரியாகப் பொழிந்தது. கவனமாக எழுதியவர்கள் முதல் தென்னாப்பிரிக்கர் என்றும், முதல் கறுப்பின ஆப்பிரிக்கர் என்றும் அடைமொழியோடு எழுதினார்கள். அவை முற்றிலும் சரி. கிர்மாயின் சாதனையின் பெருமையை யாரும் அணுவளவும் குறைக்க முடியாது. அவசரத்தில் எழுதியவர்கள் அடைமொழியைக் கைவிட்டு முதல் ஆப்பிரிக்கர் என்று முடித்துவிட்டபோது, நீமிலும் தூலோனிலும் 1950-ல் வென்ற இருவரும் ஒரே பேனா வீச்சில் சரித்திரத்திலிருந்து அகன்றுபோனார்கள். ஆப்பிரிக்காவில் பிறந்து வளர்ந்த ஐரோப்பிய வம்சத்தாரை ஆப்பிரிக்கர் என்று சொல்லலாமா என்பது நியாயமான தர்க்கம். ஹன்டருக்குச் சொல்லலாம், மொலினெஸுக்கும் தோஸ் ரெய்ஸுக்கும் சொல்லக்கூடாது என்றால் மட்டும் அதற்கு ஒரு காரணம் கேட்க வேண்டியிருக்கிறது.

வட ஆப்பிரிக்க அணி இன்னும் இரண்டு கோடைகள் மட்டும் பந்தயத்தில் புறப்பட்டது. 1952-க்குப் பிறகு அதன் பெயர் பட்டியலில் இல்லை. அந்தப் பூகோளப் பெயருக்குள் மூன்று தேசங்களைக் கட்டிவைத்திருந்த முடிச்சும் அதே வேகத்தில் அவிழ்ந்தது. 1953-ஆம் வருஷம் ஆகஸ்டு மாதம் 20-ஆம் தேதி பிரெஞ்சு நிர்வாகம் சுல்தான் ஐந்தாம் முகம்மதைச் சிம்மாசனத்திலிருந்து இறக்கி நாடு கடத்தியது. அதனால் மொராக்கோ முழுவதும் பற்றியெரிய, இரண்டு வருஷம் கழித்து அவரையே அழைத்துவர வேண்டியதாயிற்று. 1956-ஆம் வருஷம் மார்ச் 2-ஆம் தேதி மொராக்கோ சுதந்திர ராஜ்யமாயிற்று. ஐரோப்பியக் குடும்பங்கள் கப்பலேறின. அல்ஜீரியாவிலோ 1954 நவம்பரில் தொடங்கிய யுத்தம் 1962 வரை நீடித்தது. ஸாஃபும் மொலினெஸும் ஒரே சட்டையில் மிதித்தது போன்ற காட்சிக்கு அதற்குமேல் இடமே இருக்கவில்லை.

மொராக்கோவின் சாலைகள் மட்டும் மொராக்கோவிலேயே இருந்தன. டிஸி ந்திஷ்கா கணவாயில் ஏறும் வளைவுகளை இனி அந்நாட்டுப் பிள்ளைகளே தம் கொடிக்காக ஏறப் பழகினார்கள். மொராக்கோ சுற்றுப் பந்தயத்தில் பெல்ஜியரும் பிரெஞ்சுக்காரரும் வென்றுவந்த இடத்தில், சுதந்திரத்துக்குப் பின் நான்கே ஆண்டுகளில், 1960-ல், முகம்மது எல் குர்ஷ் என்ற மொராக்கோ இளைஞர் முதலிடம் பெற்றார்; 1964-லும் 1965-லும் மீண்டும் வென்றார். வெளிநாட்டு அணிகள் அவரை எப்படி அடக்கப் பார்த்தன, தொழில்முறைப் பந்தயங்களின் கதவு அவருக்குப் பின் வந்தவர்களுக்கு ஏன் அத்தனை காலம் அடைபட்டிருந்தது, அனஸ் ஐத் எல் அப்தியா 2017-ல் உலகின் மிக உயர்ந்த வரிசை அணியொன்றில் சேரும்வரை நடுவில் கழிந்த அரை நூற்றாண்டில் மொராக்கோ வீரர்கள் எங்கே, எந்தச் சாலைகளில் மிதித்துக்கொண்டிருந்தார்கள் என்பவற்றை அடுத்த அத்தியாயத்தில் சொல்வேன்.

(தொடரும்)